மூன்றாவது மிஷினின் பாஷை

ஜூன் 8, 1987

பள்ளிக்கூடம் திறந்தது. கம்ப்யூட்டர் அறையை நானே திறந்தேன். மிஷின்கள் வந்த நாளிலிருந்து சாவி என்னிடம்தான். கோடை முழுக்கப் பூட்டிக் கிடந்ததில் ஒரு மிஷினின் மேல் பல்லி முட்டையிட்டிருந்தது. நான்கையும் போட்டுப் பார்த்தேன். நான்கும் 'பீப்' என்று குரல் கொடுத்தன. அப்புறம்தான் மனசு அடங்கியது.

ஜாய்ஸ் டீச்சர் பிரசவ லீவோடு சம்பளமில்லா லீவும் சேர்த்துப் போட்டுப் போயிருக்கிறாள். அந்த இடத்துக்குக் கணக்கு எடுக்க ஒரு பெண் வந்திருக்கிறது. பெயர் செண்பகவல்லி. ஊர் கோவில்பட்டி. மெட்ராஸில் எம்.எஸ்ஸி. படித்ததாம். தலைமையாசிரியை ரூபவதி மேடம் என்னைக் காட்டி, "இவங்க எப்சிபா டீச்சர். நம்ம ஸ்கூலுக்குக் கம்ப்யூட்டர்னா இவங்கதான். மதுரைக்குப் போய் டிரெயினிங் எடுத்தவங்க" என்றார். அந்தப் பெண் கும்பிட்டது. நல்ல அடக்கம்.

வரும் வழியில் மண்ணெண்ணெய்க்கு நின்றேன். கிடைக்கவில்லை.

ஜூன் 19

என் ரேங்க் புரோகிராமைச் செண்பகவல்லி பார்க்கவேண்டும் என்று மேடம் சொன்னார். யார் வந்தாலும் மேடம் அதைத்தான் காட்டுவார். மார்க்கைப் போட்டால் வகுப்பு முழுக்க ரேங்க் வாரியாக அச்சாகிவிடும். என்னைத் தவிர யாராலும் அதில் கைவைக்க முடியாது. அவ்வளவு நுணுக்கம்.

மிஷினுக்கு நாங்கள் எழுதும் பேசிக் பாஷையில் ஒவ்வொரு வரிக்கும் ஒரு நம்பர் உண்டு. 'கோ டூ' என்று போட்டு ஒரு நம்பரைக் கொடுத்தால் மிஷின் அந்த வரிக்குத் தாவும். மதுரையில் எங்களுக்கு அப்படித்தான் சொல்லிக்கொடுத்தார்கள்.

அந்தப் பெண் அச்சுத் தாளை மேசையில் விரித்து, ஒரு விரலை ஒரு வரியிலும் மறு விரலை வேறொரு வரியிலும் வைத்துக்கொண்டு கேட்டது:

"டீச்சர், இங்கேருந்து கீழே தாவுது. கீழேருந்து மறுபடி மேலே வருது. அங்கேருந்து நடுவுல போகுது. ஏன் அப்படி?"

"வேலை நடக்குதுல்லா?"

"நடக்குது டீச்சர். நாளைக்கு ஒரு பாடம் கூடச் சேர்ந்தா எங்க மாத்துவீங்க?"

"சேரும்போது பாத்துக்கிடலாம்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னேன். அவளும் சிரித்தாள். விரலை மட்டும் எடுக்கவில்லை.

ஜூலை 3

செண்பகவல்லியின் அண்ணன் கப்பலில் இன்ஜினீயர். அவர் இங்கிலாந்திலிருந்து ஒரு சிப் வாங்கி வந்திருக்கிறாராம். கறுப்பாக, இரண்டு பக்கமும் கால்களோடு, மரவட்டை மாதிரி இருந்தது. மிஷினின் மூடியைக் கழற்றி உள்ளே காலியாக இருக்கும் இடத்தில் அழுத்தினால் அந்த மிஷின் இன்னொரு பாஷையையும் கற்றுக்கொள்ளுமாம். அந்தப் பாஷைக்குப் பெயர் கோமல். டென்மார்க்கில் ஒரு வாத்தியார், பிள்ளைகள் எழுதிய புரோகிராமைத் திருத்த உட்கார்ந்து, தலையும் வாலும் புரியாமல் போய், இதை உண்டாக்கினாராம்.

"மூணாவது மிஷின்ல போட்டுக்கிடட்டுமா டீச்சர்?"

"போடுங்க, எனக்கென்ன" என்றேன். ஸ்க்ரூ டிரைவரும் நான்தான் எடுத்துக் கொடுத்தேன்.

கோமலில் 'கோ டூ' தேவையே இல்லை என்கிறாள். ஒவ்வொரு சின்ன வேலைக்கும் ஒரு பெயர் வைத்து, அந்த வேலையைத் தனியாக எழுதி வைத்துவிட வேண்டும். பிறகு பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் போதும். சமையலுக்கு ஆள் வைத்துக்கொண்ட மாதிரி. வேலைக்காரி வைத்துச் சமைக்கிறவளுக்குக் கைப்பக்குவம் எங்கே வரும்?

ஜூலை 17

மூன்றாவது மிஷினில் ஒரே கூட்டம். மற்ற மூன்றும் சும்மா கிடக்கின்றன. மேசையைக் கொஞ்சம் சுவர்ப்பக்கம் தள்ளிப் போடச் சொன்னேன். நடக்க வழி வேண்டுமல்லவா? சுவரோரம் ஒருத்திதான் உட்கார முடியும். பிள்ளைகள் ஜன்னலில் ஏறி உட்கார்ந்து பார்க்கிறார்கள்.

ராத்திரிச் சாப்பாட்டில் என் மகள் பியூலா, "செண்பகா டீச்சர் சொல்லுதாவ, புரோகிராம்னா மிஷினுக்காக எழுதக்கூடாதாம். படிக்கிற ஆளுக்காக எழுதணுமாம்" என்றாள். அவள் அப்பா, "அட, நல்லாருக்கே!" என்றார்கள். எங்கள் பள்ளியிலேயே பிளஸ் ஒன் படிக்கிற பிள்ளை. இப்போது சாப்பிட உட்கார்ந்தால் செண்பகா டீச்சர், எழுந்தால் செண்பகா டீச்சர்.

ரசத்தில் உப்பு கூடிவிட்டது என்று இரண்டு பேரும் சொல்லவில்லை. கவனிக்கவே இல்லை போல.

ஜூலை 28

பியூலா ஒரு புரோகிராம் எழுதப்போகிறாளாம். வெண்பாவைத் தட்டச்சு செய்தால் அதில் தளை தட்டுகிறதா இல்லையா என்று மிஷின் சொல்லவேண்டுமாம். தமிழ் எழுத்து மிஷினில் வராது. ஆங்கில எழுத்தில்தான் அடிக்கவேண்டும்.

யோசனை யாருடையது என்று கேட்டேன். "என்னுது. அப்பா எழுதுதாவல்லா, அதுக்கு" என்றாள். என் வீட்டுக்காரரான இவர்கள் தபால் ஆபீஸில் வேலை பார்த்தாலும் மனசெல்லாம் வெண்பாவில்தான். சபையே சேர்ந்து உண்ணும் அசனப் பண்டிகை என்றால் ஒரு வெண்பா, சபைப் போதகர் ஐயர் மாறுதலாகிப் போனால் ஒரு வெண்பா.

துணி மடித்துக்கொண்டிருக்கும்போது பியூலா வந்து பக்கத்தில் உட்கார்ந்து, "எம்மா, குறில் நெடிலைப் பாத்து அசை எங்க முடியுதுன்னு கண்டுபிடிக்க ஒரு வழி சொல்லேன்" என்றாள்.

"உங்க செண்பகா டீச்சர்கிட்டயே கேளு" என்றேன். வேலை இருந்தது.

ஆகஸ்ட் 11

புரோகிராம் ஓடுகிறதாம். பியூலா அப்பாவின் வெண்பாக்களை எல்லாம் எடுத்துக்கொண்டு போய் அடித்துப் பார்த்திருக்கிறாள். போன வருஷம் பஞ்சம் தீர மழை வேண்டி எழுதிய வெண்பாவில் 'கருமுகில் மழைதர' என்று வருகிறது. மிஷின் அங்கே நின்றுவிட்டது.

"அப்பா, கருமுகில் விளச்சீர். அதுக்குப் பின்னால நேர் வரணும். நீங்க மழைன்னு நிரையில தொடங்கிட்டீங்க."

இவர்கள் விரல் விட்டு எண்ணினார்கள். மறுபடி எண்ணினார்கள். பிறகு தொடையில் அடித்துக்கொண்டு சிரித்தார்கள். "ஏட்டி, இதை சபையில நின்னுல்லா வாசிச்சேன்! ஒருத்தரும் சொல்லலியே!"

கோபப்படுவார்கள் என்று நினைத்தேன். 'தூறிட' என்று அங்கேயே திருத்திவிட்டு, "அந்த டீச்சரை ஞாயித்துக்கிழமை சாப்பிடக் கூப்பிடு" என்றார்கள்.

ஆகஸ்ட் 16

செண்பகவல்லி சாப்பிட வந்தாள்.

கோயிலில் ஆராதனை முடிந்து வந்து அவசர அவசரமாகச் சமைத்தேன். நெய்மீன் குழம்பு, பொரித்த மீன். கீரையில் கொஞ்சம் கூனி இறால்பொடி போட்டிருந்தேன். கூனி போட்டால்தான் கீரைக்கு ருசி. அவள் சைவம் என்பது சுத்தமாக மறந்துவிட்டது.

இவர்களுக்கு முகம் செத்துவிட்டது. அவளோ, "எனக்குத் தயிர்சோறுதான் டீச்சர் ரொம்பப் பிடிக்கும்" என்று சொல்லி எலுமிச்சை ஊறுகாயைத் தொட்டுக்கொண்டு சாப்பிட்டாள். பியூலாவும் மீனைத் தொடவில்லை. அவளுக்கு நெய்மீன் என்றால் உயிர். அவள் தட்டிலும் தயிர்சோறு.

அந்தப் பெண் போன பிறகு இவர்கள், "நேத்துத்தானே எப்சி உங்கிட்டச் சொன்னேன்" என்றார்கள். சொல்லியிருக்கலாம்.

மீன் மிஞ்சியது. பக்கத்து வீட்டுக்குக் கொடுத்தேன்.

செப்டம்பர் 9

நவம்பரில் மாவட்டக் கண்காட்சி. பள்ளிக்கு ஒரு கம்ப்யூட்டர் புரோகிராம் அனுப்பலாம். இரண்டு வருஷமாக என் ரேங்க் புரோகிராம்தான் போகும் என்று பேச்சு. இன்று மேடம் கூப்பிட்டு, "வெண்பா புதுசா இருக்கு. உங்க பொண்ணு வேற. உங்களுக்கும் பெருமைதானே எப்சிபா?" என்றார்.

பெருமைதான் என்றேன்.

அது முழுக்கப் பியூலா எழுதியதா என்பது வேறு விஷயம். பதினாறு வயசுப் பிள்ளை எழுதக்கூடியதா அது? எழுதிக் கொடுத்துவிட்டு ஒதுங்கி நின்று புகழ் வாங்குகிறவர்களும் உலகத்தில் உண்டு.

செப்டம்பர் 10

தலைவலி. பள்ளிக்குப் போகவில்லை.

செப்டம்பர் 14

வேறு ஏதோ வேலையாக மேடத்தின் அறைக்குப் போயிருந்தேன். அடுத்த மாதம் அதிகாரிகள் சாமான்களைச் சரிபார்க்க வருகிறார்கள் என்று பேச்சு வந்தது. கம்ப்யூட்டர் எல்லாம் சரியாக இருக்கிறதா என்று மேடம் கேட்டார். கேட்டதற்குப் பதில் சொன்னேன். அரசாங்கம் கொடுத்த மிஷினைத் திறந்து தனியார் ஒருவரின் வெளிநாட்டுச் சிப்பை வைத்திருப்பது முறையா என்று எனக்குத் தெரியாது என்றேன். அவ்வளவுதான் சொன்னேன்.

மேடத்துக்கு முகம் வெளுத்துவிட்டது. "யாரைக் கேட்டு வச்சா?"

"தெரியலியே மேடம்" என்றேன்.

செப்டம்பர் 15

சிப்பைக் கழற்றிவிட்டார்கள். மேடம் அலுவலக அறையிலேயே சத்தம் போட்டிருக்கிறார். வெளியே வந்தபோது செண்பகவல்லி என்னைப் பார்த்தாள். நான் நோட்டுத் திருத்திக்கொண்டிருந்தேன்.

மூன்றாவது மிஷின் இப்போது மற்றவற்றைப் போல ஆகிவிட்டது. பிள்ளைகள் நான்கிலும் பரவி உட்கார்ந்தார்கள். அறை அமைதியாக இருந்தது.

செப்டம்பர் 16

பியூலாவின் புரோகிராம் இனி ஓடாது. பேசிக்குக் கோமல் புரியாது. அவள் சாப்பிடாமல் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். "கண்காட்சிக்கு இன்னும் நாள் கிடக்கு. நான் பேசிக்ல மாத்தித் தாரேன்" என்றேன். அவள் திரும்பி என்னைப் பார்த்தாள். எத்தனை நாளுக்குப் பிறகு அப்படிப் பார்க்கிறாள்!

சந்தோஷமாக இருந்தது. காலாண்டுப் பரீட்சை முடிந்ததும் தொடங்கவேண்டும்.

அக்டோபர் 3

பரீட்சை லீவு. பியூலாவின் அச்சுத் தாளை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். யார் எழுதியது என்பதும் தெரிந்துவிடும் என்று நினைத்தேன்.

தொடக்கத்தில் சில வரிகள்தான். அடியை வாங்கு. சீராகப் பிரி. சீரை அசையாகப் பிரி. தளை பார். ஈற்றுச்சீர் பார். ஆங்கில எழுத்தில் இருந்தாலும் எல்லாம் தமிழ். பிறகு ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக விளக்கம். அசைக்குள்ளே குறில் நெடில்; சீருக்குள்ளே அசை; அடிக்குள்ளே சீர். இலக்கணத்தில் எந்த வரிசையில் படித்தோமோ அதே வரிசை. எங்கேயும் விரலை வைத்துக்கொண்டு தேட வேண்டியிருக்கவில்லை. அடுப்பில் பால் பொங்கி வழிந்தது எனக்குத் தெரியவில்லை.

தளை பார்க்கும் இடத்தில், மிஷின் கண்டுகொள்ளாத குறிப்பு வரி ஒன்று: 'அப்பா இங்கேதான் வழுக்கி விழுவார்.'

செண்பகவல்லி அதை எழுதியிருக்கமாட்டாள். என் மகள்தான். எல்லாமே அவள்தான்.

தாளை மடித்து வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் கிணற்றடியில் நின்றேன்.

அக்டோபர் 12

பேசிக்கில் பாதி எழுதிவிட்டேன். அசை பிரித்து முடித்தால் எங்கே திரும்பவேண்டும் என்பதுதான் சிக்கல். முதல் சீரிலிருந்து வந்திருந்தால் ஒரு வரிக்கு, கடைசிச் சீரிலிருந்து வந்திருந்தால் வேறு வரிக்கு. ஒரு 'கோ டூ'வைத் திருத்தினால் இன்னொன்று கெடுகிறது.

அக்டோபர் 19

எந்த வெண்பாவைக் கொடுத்தாலும் தப்பு என்கிறது.

அக்டோபர் 20

எந்த வெண்பாவைக் கொடுத்தாலும் சரி என்கிறது. சாயங்காலம் பள்ளிக்கு எங்களைத் தேடி வந்த இவர்கள் விளையாட்டாக மளிகைச் சீட்டை அடித்தார்கள். துவரம்பருப்பும் வெண்பா ஆகிவிட்டது. இவர்கள் சிரித்தார்கள். பியூலா சிரிக்கவில்லை.

தீபாவளிக்குப் பக்கத்து வீட்டிலிருந்து அதிரசம் வந்தது.

அக்டோபர் 28

பியூலா என் தாளைப் படித்துப் பார்த்தாள். விரலை இங்கும் அங்கும் வைத்துக்கொண்டு. எனக்கு அந்த விரல் பிடிக்கவில்லை.

"எம்மா, இது எனக்கே புரியல. என் புரோகிராம், எனக்கே புரியல."

"எனக்குத் தெரிஞ்சது இதான். தெரிஞ்சவங்ககிட்டப் போய்க் கேளேன்."

"நான் உங்கிட்டத்தான் முதல்ல வந்தேன். அசை பிரிக்க வழி கேட்டேன். நீதான் அவங்ககிட்டயே கேளுன்ன."

"நான் எப்போ சொன்னேன்?"

"துணி மடிச்சிட்டிருந்த. என் பாவாடையைத்தான் மடிச்சிட்டிருந்த."

அவ்வளவு ஞாபகம் வைத்திருக்கிறாள்.

அக்டோபர் 30

முருகன்குறிச்சியில் செண்பகவல்லி குடியிருக்கும் இடத்துக்குப் போனேன். மாடியில் ஒற்றை அறை. வாசலில் வடாம் காய்ந்தது. "வாங்க டீச்சர்" என்றாள். உட்காரச் சொன்னாள். காபி கொடுத்தாள். பிறகு சொன்னாள்:

"எச்.எம். கிட்டச் சொன்னது நீங்கதான்னு எனக்குத் தெரியும்."

நான் தம்ளரைக் கீழே வைத்தேன்.

"போடட்டுமான்னு உங்களைக் கேட்டுத்தான் போட்டேன். ஸ்க்ரூ டிரைவர் எடுத்துத் தந்தது நீங்க. அன்னைக்கு மேடம் என்னைத் திருடி மாதிரி நிக்கவச்சுக் கேட்டாங்க. 'எப்சிபா டீச்சர்தான் சரின்னாங்க'ன்னு ஒரு வார்த்தை சொல்லியிருப்பேன். பியூலா வெளிய நின்னுட்டிருந்தா. அதனால சொல்லல."

"பியூலாவுக்குத் தெரியுமா?"

"நான் சொல்லல."

வந்த விஷயத்தைச் சொன்னேன். புரோகிராம் ஓடவில்லை, கண்காட்சி நெருங்குகிறது என்றேன். அவள் எழுந்து போய் அலமாரியிலிருந்து தன்னுடைய மிஷின் புத்தகத்தை எடுத்து வந்தாள். பள்ளியில் மிஷின்களோடு வந்ததே போன்ற புத்தகம். நடுவில் ஒரு பக்கத்தைப் பிரித்து என் மடியில் வைத்தாள்.

"நம்ம மிஷின்ல இருக்கிற பேசிக்லயே இது இருக்கு டீச்சர். வேலைக்குப் பேர் வச்சு, பேரைச் சொல்லிக் கூப்பிடலாம். கோமல் அளவுக்கு வராது. ஆனா முடியும். சிப்பே வேண்டாம். நீங்க இந்தப் பக்கத்தைத் திறக்கல, அவ்வளவுதான்."

எனக்குக் காது சூடானது.

"அப்போ செஞ்சு குடுங்க" என்றேன்.

"பியூலாவுக்காகச் செய்வேன். ஆனா முதல்ல நீங்க மேடத்துகிட்டப் போய் நடந்ததைச் சொல்லணும். எனக்கும் மானம்னு ஒண்ணு இருக்குல்லா டீச்சர்? வந்த நாள்லேருந்து நான் எதைச் சொன்னாலும் அந்தப் பிள்ளைங்க என்ன சொல்லும் தெரியுமா? 'எப்சிபா டீச்சர் இப்படிச் சொல்லித் தரலியே'ம்பாங்க. பொறுத்துக்கிட்டுத்தான் சொல்லிக்குடுத்தேன். எனக்கும் எரியும்."

இறங்கி வரும்போது படியில் கால் இடறியது. அடி ஒன்றும் இல்லை.

அக்டோபர் 31

இன்று மேடம் வரவில்லை.

நவம்பர் 2

மேடம் வந்திருந்தார். நான் அவர் அறைக்குப் போகவில்லை. மிளகாய்த்தூள் திரிக்கவேண்டியிருந்தது.

நவம்பர் 3

மழை. பியூலா என் தாளை வைத்துக்கொண்டு தனியே மல்லுக்கட்டுகிறாள். ஒரு வரியைத் திருத்துகிறாள், அடிக்கிறாள், தலையைப் பிடித்துக்கொள்கிறாள். நான் போட்ட முடிச்சுகளைப் பிரிக்கப் பார்க்கிறாள்.

நவம்பர் 4

மேடத்திடம் சொல்லிவிட்டேன்.

சிப் வைக்கச் சம்மதித்தது நான்தான் என்றேன். தெரியாது என்று சொன்னது பொய் என்றேன். மேடம் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். இத்தனை வருஷத்தில் அவர் என்னை அப்படிப் பார்த்ததில்லை.

"அப்போ ஏன் எப்சிபா எங்கிட்ட அப்படிச் சொன்னீங்க?"

ஒரே வார்த்தையில் பதில் சொன்னேன். அதை இங்கே எழுதப்போவதில்லை.

சிப்புக்கு மேலிடத்தில் எழுதி அனுமதி வாங்கித்தான் வைக்கவேண்டும் என்றார். அது கண்காட்சிக்குள் வராது. கம்ப்யூட்டர் அறைச் சாவியை மேசையில் வைக்கச் சொன்னார். வளையத்தில் வீட்டுச் சாவியும் சேர்ந்து கிடந்தது. கழற்ற நேரமாகிவிட்டது. நகம் பிய்ந்தது. மேடம் பார்த்துக்கொண்டே இருந்தார்.

சாயங்காலம் பியூலா, "சாவி ஏன் செண்பகா டீச்சர்கிட்ட இருக்கு?" என்று கேட்டாள். அவளிடமும் சொன்னேன். சொல்லி முடிக்கும்வரை கேட்டாள். பிறகு எழுந்து போய்விட்டாள். இவர்கள் விளக்குத் திரியைச் சரிசெய்தார்கள். கரண்ட் இல்லை.

நவம்பர் 6

பள்ளி விட்ட பிறகு மூன்று பேரும் மூன்றாவது மிஷின் முன்னால். பியூலா தன் கோமல் தாளைப் பார்த்துச் சொல்வாள், செண்பகவல்லி அதைப் பேசிக்குத் தகுந்தபடி மாற்றிச் சொல்வாள், நான் அடிக்கவேண்டும். என் விரல்தான் வேகம் என்று செண்பகவல்லி சொல்லிவிட்டாள். என் அறையில் நான் டைப்பிஸ்ட்.

பியூலா என்னிடம் நேராகப் பேசுவதில்லை. "டீச்சர், அந்த வரியை மறுபடி அடிக்கச் சொல்லுங்க" என்கிறாள். செண்பகவல்லி என்னைப் பார்த்து, "மறுபடி அடிங்க டீச்சர்" என்கிறாள். அவர்கள் இரண்டு பேரும் குனியும்போது தலைகள் முட்டிக்கொள்கின்றன, சிரிக்கிறார்கள். நான் விசைப்பலகையைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

நவம்பர் 10

கிட்டத்தட்ட முடிந்துவிட்டது. ஆனால் சரியான வெண்பாவிலும் கடைசியில் ஒரு தப்பு இருப்பதாக மிஷின் சொல்கிறது. செண்பகவல்லி தளையைப் பார்த்தாள். ஈற்றுச்சீரைப் பார்த்தாள். பியூலா நகத்தைக் கடித்தாள். கரண்ட் போய் வந்தது, மறுபடி ஏற்றினோம். அதே தப்பு.

அடித்தவள் நான் என்பதால் வரிகள் எனக்கு மனப்பாடமாகியிருந்தன. கோமலில் 'சீர் இருக்கும்வரை பார்' என்று இருந்தது. உள்ளே நுழையும் முன்பே கேட்டுக்கொள்ளும். இந்த பேசிக்கில் அது இல்லை. 'பார், சீர் தீரும்வரை' என்றுதான் எழுதமுடியும். முதலில் பார்த்துவிட்டுப் பிறகுதான் கேட்கும்.

"அப்படின்னா ஒண்ணுமே இல்லாட்டியும் ஒரு தடவை பாத்துரும்லா?" என்றேன். "வெண்பா முடிஞ்ச பிறகு வெறும் வரியையும் சீர்னு நினைச்சு எடுக்கு. அதான் தளை தட்டுது."

செண்பகவல்லி திரையைப் பார்த்தாள். "அட, ஆமா! கண்ணுக்கு முன்னால இருக்கு, பாக்கலியே!"

நான் அந்த இடத்தைத் திருத்தி அடித்தேன். இவர்களுடைய மழை வெண்பாவைக் கொடுத்தோம். 'பிழை இல்லை' என்று வந்தது.

"எப்படிம்மா கண்டுபிடிச்ச?" என்றாள் பியூலா. நேராக என்னிடம்.

"அதான் எழுதியிருக்குல்லா. படிச்சா தெரியுது" என்றேன்.

இரவு மீன் குழம்பு வைத்தேன். இரண்டு துண்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.

நவம்பர் 14

கண்காட்சி. நல்ல மழையிலும் கூட்டம். ஒரு தமிழ்ப் புலவர் அப்போதே ஒரு வெண்பா எழுதிக் கொடுத்தார். மிஷின் இரண்டாம் அடியில் பிழை என்றது. அவர் கோபத்தோடு எண்ணத் தொடங்கி, பாதியில் நிறுத்தி, "கெட்டிக்காரி" என்று சொல்லிவிட்டுப் போனார். மிஷினைச் சொன்னாரா, பியூலாவைச் சொன்னாரா தெரியவில்லை.

நடுவர் கேட்டார்: "யாரும்மா சொல்லிக்கொடுத்தது?"

"செண்பகா டீச்சர்" என்றாள் பியூலா.

இன்னொரு பெயர் வரும் என்று காத்திருந்தேன். நடுவர் எழுதிக்கொண்டார். அப்போது செண்பகவல்லி என்னைக் காட்டி, "அடிச்சுக் குடுத்தது அவங்க அம்மா, சார்" என்றாள். நல்ல எண்ணத்தில்தான் சொன்னாள். அதற்குப் பேசாமல் இருந்திருக்கலாம்.

இரண்டாம் பரிசு. முதல் பரிசு ஏதோ ஒரு சூரிய அடுப்புக்கு.

நவம்பர் 29

சபையில் அசனம். இவர்கள் புது வெண்பா வாசித்தார்கள். மிஷினில் சரிபார்த்தது என்று வேறு அறிவித்தார்கள். எல்லாரும் கைதட்டினார்கள்.

டிசம்பர் 11

ஜாய்ஸ் ஜனவரியில் திரும்புகிறாள். செண்பகவல்லிக்கு மெட்ராஸில் ஒரு கம்பெனியில் வேலை கிடைத்துவிட்டதாம். புரோகிராம் எழுதும் வேலை.

சாவியை மேடம் மறுபடி என்னிடம் தந்தார். "இப்போ நிம்மதிதானே?" என்றார். குத்திக் கேட்டாரா, சும்மா கேட்டாரா என்று தெரியவில்லை. ஆமாம் என்றும் இல்லை என்றும் சொல்லாமல் வாங்கிக்கொண்டேன்.

மெட்ராஸ். கம்பெனி. நானும் கணக்கில் முதல் வகுப்பு. அந்தக் காலத்தில் எங்களுக்கு இதெல்லாம் யார் சொன்னார்கள்?

டிசம்பர் 19

செண்பகவல்லியை வழியனுப்ப ஜங்ஷனுக்குப் போனோம். பியூலா தனியாகப் போகிறேன் என்றாள். நான்தான் கூட வருகிறேன் என்றேன்.

நெல்லை எக்ஸ்பிரஸ் பிளாட்பாரத்தில் நின்றது. செண்பகவல்லி என்னைப் பார்த்ததும், "நீங்க வருவீங்கன்னு நினைக்கல டீச்சர்" என்றாள்.

"நானும் நினைக்கல" என்றேன்.

இரண்டு பேரும் சிரித்தோம். பியூலா செண்பகவல்லியின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவள் ஜன்னலோரம் உட்கார்ந்த பிறகும் கம்பி வழியாகப் பிடித்த கையை விடவில்லை. திடீரென்று அழத் தொடங்கினாள். சத்தமில்லாமல், மூக்கு சிவக்க. எனக்காக அவள் அப்படி அழுது நான் பார்த்ததில்லை. நான் எங்கேயும் போனதும் இல்லை.

நான் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தேன். பியூலா ஏதோ சொல்ல வாயெடுத்தாள், என்னைத் திரும்பிப் பார்த்தாள், விழுங்கிக்கொண்டாள். செண்பகவல்லியும் அப்படியே. என்னை வைத்துக்கொண்டு அவர்களால் பேச முடியவில்லை. ரயில் புறப்படும்வரை அப்படியே நின்றிருக்கலாம். அசையாமல் நின்றாலே போதும்.

"வண்டியில தின்ன ஆரஞ்சு வாங்கிட்டு வாரேன்" என்று சொல்லிவிட்டு நடந்தேன்.

பழக்காரன் பக்கத்தில்தான் இருந்தான். அவனைத் தாண்டி, புத்தகக் கடையைத் தாண்டி, எடை பார்க்கும் மிஷினையும் தாண்டி, கூரை முடியும் இடம்வரை போய் நின்றேன். தூறல் முகத்தில் பட்டது. திரும்பிப் பார்க்கவில்லை. என்ன பேசுகிறார்கள் என்று நினைக்காமல் இருக்க முடியவில்லை. நினைத்தேன். நினைத்துக்கொண்டே நின்றேன். விசில் ஊதி, பெட்டிகள் ஒவ்வொன்றாக என்னைக் கடந்து போயின. ஒரு ஜன்னலில் செண்பகவல்லி கையை ஆட்டினாள். நானும் ஆட்டினேன்.

திரும்பி வந்தபோது பியூலா முகத்தைத் துடைத்துக்கொண்டு நின்றாள்.

"ஆரஞ்சு எங்கம்மா?"

"வாங்கல."

"இவ்வளவு நேரம் எங்க நின்ன?"

"அந்தக் கோடியில."

அவள் என் கையைப் பார்த்தாள். ஈரமாக இருந்த என் சேலைத் தலைப்பைப் பார்த்தாள். பழக்காரன் பக்கத்திலேயே கூவிக்கொண்டிருந்தான். பிறகு, "வா, எனக்குப் பசிக்கு" என்று என் கையைப் பிடித்து அவனிடம் கூட்டிக்கொண்டு போனாள்.

பஸ்ஸில் வரும்போது உரித்து முதல் சுளையை எனக்குத் தந்தாள். நல்ல புளிப்பு. அவளுக்கும் புளித்தது. பாளையங்கோட்டை வருவதற்குள் முகத்தைச் சுளித்துச் சுளித்து முழுவதையும் தின்று தீர்த்தோம்.